அத்தைக்கு மட்டும் கேட்ட நாயனம்

வீட்டில் எழுபது வயதைத் தாண்டிய பெரியவர்கள் இருக்கும் சகோதரிகள் இதை அவசியம் படிக்க வேண்டும். என் மாமியாருக்கு வந்த தொந்தரவு உங்கள் வீட்டுப் பெரியவருக்கும் இருக்கலாம். வெட்கப்பட்டுக்கொண்டு அவர் வெளியே சொல்லாமலும் இருக்கலாம்.

அத்தை மாயவரம் பக்கத்துக் கிராமத்தில், கோயில் மதிலை ஒட்டிய வீட்டில் பிறந்து வளர்ந்தவர். ஏழெட்டு வருஷமாகக் காது மந்தம். டாக்டரிடம் போகலாமென்று கூப்பிட்டால், "வயசானா அப்படித்தான், அதுக்கெதுக்கு வைத்தியம்?" என்று தட்டிக் கழித்துவிடுவார்.

2022 புரட்டாசியில் ஒருநாள் காலையில் காப்பியை வாங்கிக்கொண்டே, "யார் வீட்டுக் கல்யாணம்மா? ராத்திரி பூரா நாயனம் வாசிச்சாங்களே!" என்றார். புரட்டாசியில் ஏது கல்யாணம்? தெருவில் ஒரு சத்தமும் இல்லை. அன்றிலிருந்து தினம் ராத்திரி அவருக்கு நாயனம்தான். சுவாமி புறப்பாட்டு மல்லாரியாம், கூடவே தவிலாம். சின்ன வயசில் கேட்டது அப்படியே வருகிறது என்பார்.

அடுத்த வீட்டு மாமி, "காத்து கருப்பா இருக்கும், மந்திரிச்சுடுங்க" என்றார். உறவுக்காரர் ஒருவரோ, "புத்தி பேதலிக்குது. இப்பவே ஏதாவது இல்லத்துல சேர்த்துடுங்க" என்று என் கணவரிடம் சொன்னார். காது கேட்காவிட்டால் என்ன, முகத்தைப் பார்த்தே அத்தைக்குப் புரிந்துவிட்டது. பேச்சே நின்றுபோயிற்று. ஒருநாள் நடுராத்திரியில் தலையணையைக் காதில் அழுத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "எனக்குப் பைத்தியம் பிடிச்சிடுச்சாம்மா?" என்று கேட்டபோது எனக்கு நெஞ்சே அடைத்துவிட்டது.

பால் கணக்கு பைசா தவறாமல் எழுதுகிறவர். பேரப்பிள்ளைகளின் நட்சத்திரம் ஒன்றுகூட மறக்காதவர். இவருக்கா பைத்தியம்? மந்திரிப்பதும் வேண்டாம், இல்லமும் வேண்டாம், முதலில் காது டாக்டரைப் பார்ப்போம் என்று நான் பிடிவாதமாகச் சொல்லிவிட்டேன். கணவரும் சம்மதித்தார்.

டாக்டர் காதில் அழுக்கு அடைத்திருக்கிறதா என்று பார்த்தார். சாப்பிடும் மாத்திரைகளையெல்லாம் விசாரித்தார். பிறகு கேட்கும் திறனைச் சோதித்துவிட்டு அவர் சொன்னது இதுதான்:

காதின் உட்புறம் நத்தை ஓடு மாதிரி சுருண்ட ஓர் உறுப்பு இருக்கிறது. அதில் மயிர்போன்ற நுனியுள்ள நுண்ணிய செல்கள் ஆயிரக்கணக்கில் உண்டு. அவைதான் ஒலியை மூளைக்கு அனுப்புகின்றன. வயதில் அவை அழிந்தால் மனிதருக்குத் திரும்ப முளைப்பதில்லை. "பசிச்ச வயிறு தானா இரையுதில்லையா? அதே மாதிரி வெளியிலேர்ந்து சத்தம் வராத மூளை, பழசை எடுத்துத் தானே வாசிச்சுக்குது. இது மனநோய் இல்லைம்மா" என்றார். மியூசிகல் இயர் சிண்ட்ரோம் என்று இதற்குப் பெயராம்.

என் மகள் இதைப் பற்றித் தேடிப் படித்தாள். 1760-ல் ஜெனீவாவைச் சேர்ந்த சார்ல்ஸ் பொன்னே என்பவர் தன் தாத்தாவைப் பற்றி எழுதியிருக்கிறார். பார்வை குறைந்த பின் அந்தத் தாத்தாவுக்கு, எதிரில் இல்லாத மனிதர்களும் பறவைகளும் வண்டிகளும் தெரிந்தனவாம். ஆனால் புத்தி தெளிவாகவே இருந்ததாம். கண்ணுக்கு அது, காதுக்கு இது! ஆலிவர் சாக்ஸ் என்ற நரம்பியல் டாக்டரும் 2007-ல் வந்த தம் புத்தகத்தில், இப்படி இல்லாத பாட்டைக் கேட்டவர்களைப் பற்றி எழுதியிருக்கிறார். இதைச் சொன்னதும், "அப்ப நான் மட்டும் இல்லையா!" என்று அத்தை எத்தனையோ நாளைக்குப் பிறகு சிரித்தார்.

இரண்டு காதுக்கும் கருவி வைத்தோம். பழகச் சில வாரம் பிடித்தது. ராத்திரியில் கருவியைக் கழற்றிவிடுவதால், அறையில் மின்விசிறி ஓடும்படி வைத்தோம். முழு நிசப்தம் இருந்தால்தான் பாட்டு பலமாகிறது. நாயனம் அடியோடு போகவில்லை, ஆனால் வெகுவாகக் குறைந்துவிட்டது. "வந்தா வரட்டும், நல்ல வாசிப்புத்தானே" என்கிறார் இப்போது.

சகோதரிகளுக்கு இன்னொரு விஷயம். காது மந்தமானவர்களிடம் கத்தக் கூடாது. கத்தினால் ஓசை பெரிதாகுமே தவிர, சொல் தெளியாது. "பால்" என்றால் "கால்" என்று கேட்கும். அதோடு, வயதானவர்களுக்கு ஒலியைப் பிரித்துப் பொருள் கொள்ளக் கூடுதல் நேரம் வேண்டும். முதல் வார்த்தையை அவர்கள் பிடிப்பதற்குள் நாம் நாலாவது வார்த்தைக்கு ஓடிவிடுகிறோம். எதிரில் நின்று, வாயசைவு தெரிய, நிறுத்தி நிதானமாகச் சொல்லுங்கள். டி.வி.யையும் மிக்ஸியையும் நிறுத்திவிட்டுப் பேசுங்கள்.

பாட்டு இல்லாமல், யாரோ திட்டுவது போலவோ கட்டளையிடுவது போலவோ குரல் கேட்டாலும், திடீரென்று காது அடைத்துப் போனாலும், ஜுரத்தோடு குழப்பம் வந்தாலும் தாமதிக்காமல் டாக்டரிடம் காட்டிவிடுங்கள். அரசு மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரிகளில் காது, மூக்கு, தொண்டைப் பிரிவு உண்டு.

"எனக்கு என்னமோ கேக்குதும்மா" என்று ஒரு பெரியவர் தயங்கித் தயங்கிச் சொன்னால், "அதெல்லாம் ஒண்ணுமில்லை" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். "என்ன பாட்டு கேக்குது?" என்று பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். பாதி பயம் அதிலேயே தீர்ந்துவிடும்.