பண்ருட்டிப் பழம்

மேம்பாலத்துக்கு முந்தைய உக்கடம் எனக்கு வாசனையாகத்தான் ஞாபகம் இருக்கிறது. காற்று பெரியகுளத்துப் பக்கமிருந்து வந்தால் ஒரு வாடை, மீன் மார்க்கெட் பக்கமிருந்து வந்தால் இன்னொன்று. சித்திரை பிறந்துவிட்டால் இரண்டையும் பலாப்பழம் அமுக்கிவிடும்.

பஸ் ஸ்டாண்டு வாசலில் தள்ளுவண்டி நிற்கும். வண்டிக்காரர் கத்தியில் எண்ணெய் தடவி, பழத்தைப் பிளந்து, சடையை விலக்கிச் சுளைகளைப் பிடுங்கி நியூஸ் பேப்பரில் வைப்பார். விரலிடுக்கில் பால் இழுபடும். "பண்ருட்டிப் பழமுங்க, தின்னு பாருங்க!" அப்பா சிரிப்பார். பாலக்காட்டு ரோட்டில் வந்த லாரியிலிருந்து அது இறங்கியதைக் காலையிலேயே பார்த்திருப்பார்.

அதே வாசலில்தான் பொள்ளாச்சி பஸ் ஏறுவோம். சினிமாவில் பொள்ளாச்சிக்கும் இந்த வண்டிப் பழத்தின் கதைதான். தெற்கத்திக் கதையான 'தேவர் மக'னைக்கூட அந்தப் பக்கம்தான் படம் பிடித்தார்கள். தோப்பும் வாய்க்காலும் இருக்கிறதல்லவா, எந்த ஊர் வேஷமும் பொருந்திவிடும்.

தங்கர் பச்சானுக்கு அந்த வேஷம் ஒத்துவரவில்லை. 'காதல் கோட்டை', 'பாரதி' படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர். இயக்குநரானதும் தன் 'கல்வெட்டு' சிறுகதையை எடுத்துக்கொண்டு, பிறந்து வளர்ந்த பண்ருட்டிச் சீமைக்கே திரும்பினார். 2002 பொங்கலுக்கு 'அழகி' வந்தது. 2007இல், தன் நாவலையே 'ஒன்பது ரூபாய் நோட்டு' என்று படமாக்கினார்.

அதற்கு அப்பாவைக் கூட்டிப்போனேன். சத்யராஜ் நம்மூர்க்காரர் என்பதால்தான் வந்தார். ஆனால் திரையில் அந்தக் கோயமுத்தூர்க் குசும்பு மருந்துக்கும் இல்லை. முந்திரிக் காட்டு விவசாயி மாதவர், பெற்ற பிள்ளைகளிடம் மனம் வெறுத்து, வேலாயியைக் கூட்டிக்கொண்டு ஊரைவிட்டே கிளம்புகிறார். வேலாயியாக அர்ச்சனா. பாயாக வந்த நாசரைப் பார்த்ததும், "நம்ம கோட்டைமேட்டுல பார்த்த ஆளாட்டம் இருக்காரு" என்றார் அப்பா. படம் முடியும்வரை அவர் பேசியது அவ்வளவுதான். கிணத்துக்கடவுப் பக்கம் அவருக்கும் ஒரு காடு இருந்தது. விற்றுவிட்டு மில்லுக்கு வந்தவர்.

அடுத்த சித்திரையில் வண்டிக்காரர் வழக்கம்போல், "பண்ருட்டிப் பழமுங்க" என்றார். இந்தத் தடவை அப்பா சிரிக்கவில்லை. ஒரு சுளையை வாயில் போட்டு மென்றார்.

"அந்த மண்ணுப் பழம் இப்படி இருக்காதுங்க."

பண்ருட்டிக்கு அவர் ஒருநாளும் போனதில்லை.