திருப்பிப் போட்ட பெயர்

ஆயர் ஈத்தாம் என்றால் மலாயில் கறுப்புத் தண்ணீர். எங்கள் தோட்டத்துக்குப் பின்னாலிருந்த சதுப்பில் தண்ணீர் தேஓ நிறத்தில் இருக்கும். செவ்வுடம்பில் கரும்புள்ளி வைத்த பொடி மீன்களைப் போத்தலில் பிடிப்பேன். “குஞ்சுடா, விட்டுடு, வளரட்டும்,” என்பார் தாத்தா. விட்டுவிடுவேன். மறுவருஷமும் அதே அளவில்தான் இருந்தன.

பொறியியல் முடித்து வேலைக்கு வந்த பிறகுதான் தெரிந்தது, அவை குஞ்சுகள் இல்லை. 2.5 சென்டிமீட்டர் தாண்டாத, முழுதாக வளர்ந்த மீன்கள். 1904இல் டுங்கர் அவற்றை ரஸ்போரா பேரினத்தில் சேர்த்தார். 1993இல் கொட்டெலாவும் விதயானோனும் முதுகெலும்பைக் கவனித்தார்கள். வயிற்றுப் பகுதி எலும்புக்கும் வால் பகுதி எலும்புக்குமான விகிதம் ரஸ்போராவுக்குத் தலைகீழ். அதனால் பெயரையும் திருப்பிப் போட்டுத் தனிப் பேரினம் ஆக்கினார்கள்: போராரஸ்.

மூணு பிள்ளை பெற்ற பிறகும் துரை தன்னைப் ‘பையா’ என்றுதான் கூப்பிட்டார் என்று தாத்தா சொல்வார். இந்த மீன் கதையைக் கேட்டிருந்தால் சிரித்திருப்பார். எனக்குத் தெரிந்தபோது அவர் இல்லை. சதுப்பையும் வடித்துச் செம்பனை நட்டாச்சு.