கூத்துமாடத்தில் கம்பன்

ஷொர்ணூரை அடுத்த கூனத்தறையில் உள்ள பாவைப் பட்டறையில் இளைஞர் ஒருவர் இராவணனின் மகுடத்தைக் கொத்திக்கொண்டிருந்தார். மரக்கட்டை மேல் தோல். தோல் மேல் உளி. சுத்தியலால் ஒரே தட்டு. நெல்மணி அளவில் ஒரு துளை விழுகிறது. அதை ஒட்டி இன்னொன்று. இந்தத் துளைகள் வழியாக வரும் வெளிச்சம்தான் இரவில் திரையில் நகையாக மின்னும். துளைகள் நெருங்கிவிட்டால் தோல் கிழியும். விலகிவிட்டால் நகை எடுபடாது. அந்த இடைவெளியை அவர் அளந்து பார்க்கவில்லை. கை அறிந்திருந்தது.

பாலக்காடு, திருச்சூர், மலப்புறம் மாவட்டங்களின் பத்ரகாளி கோயில்களில் ஆண்டுதோறும் நடக்கும் தோல்பாவைக்கூத்துக்கான பாவைகள் இவை. முழுக் கூத்துக்கு ஏறத்தாழ 160 பாவைகள் வேண்டும். தோலை ஊறவைத்து, மயிர் நீக்கி, இழுத்துக் கட்டிக் காயவைப்பது ஒருவர் வேலை. உருவம் வரைவது, கொத்துவது, வண்ணம் தீட்டுவது, மூங்கில் குச்சியைப் பிளந்து பாவையை அதில் பொருத்துவது என ஒவ்வொன்றும் தனித் தேர்ச்சி. முன்பெல்லாம் மான் தோல். 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்துக்குப் பின் அதற்கு வழியில்லை. இப்போது ஆட்டுத்தோலும் எருமைத்தோலும்தான். தோல் மாறினால் உளியின் அழுத்தமும் மாற வேண்டும் என்பதைப் பட்டறையில் நின்று பார்த்தால்தான் புரிகிறது.

இரவில் வேறொரு அணி பொறுப்பேற்கிறது. இந்தக் கூத்துக்கென்றே கட்டிய கூத்துமாடம், அம்மன் சந்நிதியைப் பார்த்தபடி நிற்கிறது. 42 அடி நீளம். மேலே வெள்ளையும் கீழே கறுப்புமாகத் திரை. அதன் பின்னால் வரிசையாக 21 தேங்காய் மூடி விளக்குகள். சந்நிதியிலிருந்து வரும் தீபத்தில்தான் அவை ஏற்றப்படுகின்றன. எண்ணெய் ஊற்றுவதும் திரி தூண்டுவதும் விடியும்வரை ஓயாத வேலை. ஒரு சுடர் தாழ்ந்தால் அந்தப் பக்கத்துப் பாவை மங்கிப்போகும். போர்க்களக் காட்சியில் குங்கிலியப் பொடியைச் சுடரில் வீசுகிறார்கள். திரை முழுக்க ஒரு கணம் தீப்பற்றியதுபோல் ஒளிர்ந்து அடங்குகிறது. உள்ளே புகையும் வெக்கையும். அதற்குள் நின்றுகொண்டுதான் ஆட்டுகிறவர்கள் ஆட்டுகிறார்கள், செண்டையும் இலைத்தாளமும் முழங்குகின்றன.

இத்தனை பேரின் உழைப்பும் போய்ச் சேர்வது புலவரிடம். கூத்தை நடத்தும் கலைஞரை இங்கே புலவர் என்றே அழைக்கிறார்கள். அந்தப் பட்டத்துக்குக் காரணம், அவர் பாடுவது கம்பராமாயணம். மலையாளத்தைத் தாய்மொழியாகக் கொண்டவர், தமிழ் விருத்தத்தைப் பாடி, தமிழும் மலையாளமும் கலந்த நடையில் பொருள் விரிக்கிறார். ஒரு பாவை கேள்வி கேட்க, மற்றொரு பாவை விடை சொல்ல, ஒரே பாட்டிலிருந்து புராணமும் தருக்கமும் கிளைத்துக்கொண்டே போகின்றன. ஏழு இரவு, பதினான்கு இரவு, இருபத்தோரு இரவு, சில கோயில்களில் 71 இரவு. அத்தனைக்கும் பாட்டும் உரையும் நெஞ்சில் இருக்க வேண்டும்.

நள்ளிரவு தாண்டியபோது மாடத்தின் முன்னே உட்கார்ந்திருந்தவர்கள் விரல்விட்டு எண்ணும் அளவுதான். பாடலின் வேகம் குறையவில்லை. தாரிகன் என்ற அசுரனோடு போரிட்டுக்கொண்டிருந்ததால் இராவண வதத்தைப் பத்ரகாளியால் பார்க்க முடியவில்லை. அவளுக்காகவே இந்தக் கூத்து என்பது ஐதீகம். அம்மன் கேட்கிறாள் என்றால் எதையும் சுருக்க முடியாது.

ஆனால், நம்பிக்கை மட்டும் கலையைக் காப்பாற்றாது என்று கூத்தை நடத்திவரும் புலவர் குடும்பங்களுக்கு நன்றாகத் தெரியும். கிருஷ்ணன்குட்டிப் புலவர் கோயிலுக்கு வெளியே மேடைகளுக்குக் கூத்தைக் கொண்டுபோனார். அவர் மகன் ராமச்சந்திர புலவருக்கு 2021இல் பத்மஸ்ரீ கிடைத்தது. ஆண்கள் மட்டுமே பாவை ஆட்டிய திரைக்குப் பின்னால் இப்போது பெண்கள் குழுவும் நிற்கிறது. ஒரு மணி நேர நிகழ்ச்சிகள் வருமானம் தருகின்றன, இளைஞர்களை ஈர்க்கின்றன. மனதார வரவேற்க வேண்டிய மாற்றங்கள் இவை.

என் கவலை வேறு. பாவை செய்ய ஆள் வருகிறார்கள், ஆட்டவும் வருகிறார்கள். பல ஆண்டுகள் உட்கார்ந்து பாட்டையும் உரையையும் மனனம் செய்ய வருகிறவர்கள்தான் அரிது. ஒரு மணி நேர நிகழ்ச்சிக்கு அந்த உரை தேவைப்படுவதில்லை. தேவைப்படாதது மெல்ல மறக்கும். பாவை பழுதானால் இன்னொன்று கொத்திக்கொள்ளலாம். நெஞ்சில் இருந்த உரை அந்த மனிதரோடு போய்விடும்.

இதில் தமிழர்களுக்குக் கடமை இருக்கிறது. காரைக்குடியில் 1939இல் சா. கணேசன் கம்பன் கழகத்தைத் தொடங்கினார். அந்த வழியில் எத்தனையோ ஊர்களில் கம்பனுக்கு மேடை போடுகிறோம். அந்த மேடைகளில் ஒரு முழு இரவைப் பாலக்காட்டுப் புலவர்களுக்குக் கொடுக்கலாம். தமிழ்த் துறைகள் தங்கள் ஆய்வு மாணவர்களை மாசி, பங்குனியில் இந்தக் கூத்துமாடங்களுக்கு அனுப்பி, விடிய விடிய நடக்கும் உரையை ஒலிப்பதிவு செய்து எழுத்தாக்கலாம். பாவை கொத்துகிறவருக்கும் விளக்கு தூண்டுகிறவருக்கும் கௌரவமான கூலி, பாட்டு கற்கும் பிள்ளைக்கு உதவித்தொகை. கம்பன் பேரைச் சொல்லிச் செலவழிக்கும் பணத்தில் ஒரு பங்கு இதற்குப் போகட்டும். அவனை நூற்றாண்டுகளாக இரவிரவாகக் கண்விழித்துப் பாடிவரும் மனிதர்களுக்கு நாம் செய்யக்கூடிய மிகக் குறைந்த கைம்மாறு அது.