செவிவழிச் செல்வம்

ஐரோப்பாவின் மேற்குக் கோடியில், அட்லாந்திக் மாகடலின் அலைகள் ஓயாது மோதும் கரைகளை உடையது அயர்லாந்துத் தீவு. அங்கே குளிர்காலத்து இரவு மிக நெடியது. பொழுது சாய்ந்ததும் உழவரும் மீனவரும் ஊரில் ஒரு வீட்டை நாடிச் சென்று கூடுவர். சதுப்பு நிலத்தில் வெட்டி உலர்த்திய மண்கட்டிகள் அடுப்பில் கனன்று கொண்டிருக்கும். முதியவர் ஒருவர் தொண்டையைச் செருமிக்கொண்டு கதை தொடங்குவார். ஃபின் என்னும் வீரர் தலைவனும் அவன் தோழரும் ஆற்றிய அருஞ்செயல்கள் ஒன்றன்பின் ஒன்றாய் விரியும். ஒரே கதை பல இரவுகள் தொடர்தலும் உண்டு. நவம்பர் முதல் நாள் தொடங்கி, மார்ச்சு 17-ஆம் நாள் வரும் பாட்ரிக் அடிகளின் திருநாள் வரையில் கதைக்குரிய காலம். பகலில் வீரகதை சொல்வது தீங்கு பயக்கும் என்று நம்பினோரும் இருந்தனர். உழைக்க வேண்டிய பொழுதைக் கதை விழுங்கிவிடலாகாது என்று முன்னோர் செய்த ஏற்பாடே அந்நம்பிக்கை என்று எனக்குத் தோன்றுகிறது.

ஏட்டில் எழுதப்பெற்றதே இலக்கியம், ஏனையவை பாட்டிக் கதை என்று தள்ளுவார் எந்நாட்டிலும் உளர். அயர்லாந்திலும் கற்றோர் பலர் நெடுங்காலம் அவ்வாறே எண்ணினர். இதற்கிடையில், 19-ஆம் நூற்றாண்டில் அவ்வாய்மொழிச் செல்வத்துக்குப் பெருங்கேடு சூழ்ந்தது. 1831-இல் ஏற்பட்ட தேசியப் பள்ளிகளில் ஆங்கிலமே பயிற்று மொழியாயிற்று. பல ஊர்களில் சிறுவர் கழுத்தில் ஒரு குச்சியைக் கட்டித் தொங்கவிட்டனர். தாய்மொழியாகிய ஐரிஷில் ஒரு சொல் பேசினால் அக்குச்சியில் ஒரு வெட்டு விழும். மாலையில் வெட்டுகளை எண்ணி அத்தனை அடி கொடுப்பர். பின்னர், 1845-இல் உருளைக்கிழங்குப் பயிரை ஒரு நோய் பற்றியது. அக்கிழங்கையே உண்டு வாழ்ந்த ஏழை மக்கள் சில ஆண்டுகளில் ஏறத்தாழ 10 இலட்சம் பேர் மாண்டனர். ஏறத்தாழ அத்துணைப் பேரே கப்பலேறி அயல்நாடு சென்றனர். ஐரிஷ் மொழி வழங்கிய மேற்குப் பகுதிகளே பெரிதும் பாழ்பட்டன. கதை சொல்வாரும் கேட்பாரும் ஒருங்கே குறைந்தனர்.

குரோக்கர் என்பவர் 1825-இல் தேவதைக் கதைகளை ஆங்கிலத்தில் வெளியிட்டார். டக்ளஸ் ஹைடு என்னும் அறிஞர் 1890-இல் வெளியிட்ட தொகுதியில், மக்கள் சொன்ன ஐரிஷ் மொழியையே அச்சேற்றினார். இவர் 1938-இல் அந்நாட்டின் முதற் குடியரசுத் தலைவர் ஆனார். எனினும் முறையான தொகுப்பு வேலை தொடங்கிய வரலாற்றைச் சொல்ல வேண்டுமாயின், கில்ரீலிக் என்னும் சிற்றூருக்குச் செல்ல வேண்டும்.

கெரி மாவட்டத்தில், கடலை நோக்கிய மலைச்சரிவில் உள்ளது அவ்வூர். அங்கே ஷான் ஓ கோனல் என்னும் முதியவர் வாழ்ந்தார். அவர் 1853-இல் பிறந்தவர். சிறிது நிலமும் மீன்பிடிப்பும் அவர்தம் பிழைப்பு. பள்ளிக்கூடத்து வாயிலை மிதித்தறியார், எழுத்தும் அறியார், ஆங்கிலமும் அறியார். ஆனால் அவர் நெஞ்சமோ ஒரு நூல்நிலையம். மூப்பு வந்தபொழுது அவருக்குக் கேட்போர் இலராயினர். இளைஞர்க்கு அக்கதைகளில் நாட்டம் இல்லை. சொல்லாத கதை மறந்துபோகுமே என்று அஞ்சினார் அவர். ஆகவே, மாடு மேய்க்கும்பொழுது அருகில் எவரும் இலர் என்று கண்டால், எதிரே நிற்கும் கற்சுவரை நோக்கிக் கையசைத்து, குரலை ஏற்றியும் இறக்கியும் கதை சொல்வாராம். இதனைக் கண்ணாற் கண்டு பிறர்க்குச் சொன்னவர் அவர் மகனார். சந்தையினின்று திரும்பும்பொழுதும், மேட்டில் ஏறும் வண்டியின் பின்னே நடந்துகொண்டு, வண்டியின் முதுகுக்கே கதை சொல்லி வருவாராம். பாடஞ் செய்தல் என்பதற்கு இதனினும் சிறந்த சான்று யான் அறிந்ததில்லை.

1923-இல் அம்மலையூருக்கு ஓர் இளைஞர் வந்தார். அவர் பெயர் டெலார்ஜி. அப்பொழுது அவருக்கு வயது 24, முதியவருக்கோ 70. இளைஞர் கேட்டார், முதியவர் சொன்னார். முதியவர் 1931-இல் மறையும் வரையில் இளைஞர் பன்முறை வந்து, அவர் வாய்ச்சொல்லை வழுவாமல் எழுதிக்கொண்டார். அத்தொகுதி 1948-இல் நூலாக வெளிவந்தது.

இந்த டெலார்ஜியே, 1935-இல் அயர்லாந்து அரசு நிறுவிய நாட்டுப்புறவியல் ஆணையத்துக்குத் தலைவராயினார். ஊர் ஊராகச் செல்லத் தொகுப்பாளர் சிலர் அமர்த்தப்பெற்றனர். அவருட் பெரும்பாலோர் பட்டம் பெற்ற புலவர் அல்லர். அவ்வப் பகுதியின் பேச்சையும் பழக்கத்தையும் அறிந்தவர். எடிஃபோன் என்னும் பளுவான ஒலிப்பதிவுப் பொறியை அவர்கள் மேடு பள்ளங்களில் சுமந்து சென்றனர். கால்வே மாவட்டத்துக் கார்னாவில் ஏமன் பர்க் என்னும் தையற்காரர் இருந்தார். அவர் இளமையில் அமெரிக்கா சென்று, அங்கே ஒரு காலை இழந்து மீண்டவர். அவர் 1938-இல் சொன்ன கதை ஒன்று 30,000 சொற்களுக்கும் மேற்பட்டது! பிளாஸ்கட் தீவில் வாழ்ந்த பெக் சேயர்ஸ் என்னும் மூதாட்டி 300-க்கு மேற்பட்ட கதைகளைச் சொன்னார். அத்தீவு 1953-இல் மக்கள் வெளியேற வெறுமையாயிற்று. அவர் கதைகள் எஞ்சின.

அப்பொறி மெழுகு உருளையில் குரலைப் பதிவது. உருளையோ விலை மிக்கது. ஆணையமோ பணமுடை உடையது. ஆதலின் கதையை எழுத்தில் வடித்ததும் உருளையின் மேற்பரப்பைச் சீவிவிட்டு, அடுத்த கதைக்குப் பயன்படுத்தினர். சில உருளைகளே சீவப்படாமல் எஞ்சின. சொல் நின்றது, குரல் போயிற்று. அவர்களைக் குறை கூறுவதற்கில்லை. ஆயினும், எழுத்தில் அடங்காத ஏற்ற இறக்கங்களை எண்ணினால் நெஞ்சம் வருந்துகிறது.

அவர்கள் தொகுத்த கதைகளுள் ஒன்று கேளுங்கள். ஒருவன் கூடை முடையக் கொம்பு வெட்டச் சென்றான். மூடுபனியில் வழி தவறி, விளக்கொளி கண்டு ஒரு வீட்டினுள் நுழைந்தான். அங்கிருந்த கிழவனும் கிழவியும், "ஒரு கதை சொல், அப்பா!" என்றனர். "எனக்குக் கதையே தெரியாதே!" என்றான். "அப்படியானால் கிணற்றில் நீர் கொண்டு வா" என்றனர். கிணற்றடியில் ஒரு பெருங்காற்று எழுந்து, அவனைத் தூக்கிச் சென்று, முன்பின் அறியாத ஓர் இழவு வீட்டில் இறக்கியது. அங்கே பிடில் வாசிக்கச் சொன்னார்கள். அறியாதவன் வாசித்தான்! குருவாகவும் மருத்துவனாகவும் பணி செய்ய நேர்ந்தது, அவற்றையும் செய்தான். மீண்டும் காற்று எழுந்து, பழைய கிணற்றடியிலேயே அவனைக் கொண்டு வந்து விட்டது. கிழவி நகைத்து, "இனி எவரேனும் கதை கேட்டால் இதனைச் சொல்" என்றாள். ஒரு கதையும் அறியாதவன் அந்நாட்டு மக்கட்கு அத்துணை வியப்பாகத் தோன்றியிருக்கிறான்!

முதியோர் நாள்தோறும் மறைந்து கொண்டிருந்தனர். தொகுப்போரோ மிகச் சிலர். ஆதலின் ஆணையத்தார் பள்ளிச் சிறுவரைத் துணைக்கு அழைத்தனர். 1937-இல் தொடங்கி ஓராண்டுக்கு மேலாக, தொடக்கப் பள்ளிகளின் உயர் வகுப்புகளில் வழக்கமான கட்டுரைப் பாடத்துக்கு மாறாகப் புதியதொரு பாடம் நடந்தது. ஷான் ஓ சுலிவன் என்னும் அறிஞர் ஆசிரியர்க்கெனத் தலைப்புகளை வகுத்துத் தந்தார். புதையல், கைமருந்து, மழைக்குறி, விடுகதை, வெண்ணெய் கடைதல், கொல்லன் உலை, வயல்களின் பெயர் என விரிந்தன அவை. மாணவர் வீட்டுக்குச் சென்று பாட்டனாரிடமும் அயலாரிடமும் கேட்டு எழுத வேண்டும். சொன்னவர் பெயரையும் குறிக்க வேண்டும். யானும் நெடுங்காலம் கட்டுரைப் பாடம் நடத்தியவன். பசுவைப் பற்றிய ஒரே கட்டுரை நாற்பது ஏடுகளில் ஒரு சொல்லும் மாறாமல் வரக் கண்டு களைத்தவன். அந்நாட்டு ஆசிரியர்மேல் எனக்குச் சிறிது பொறாமைகூட உண்டு.

பெரும்பஞ்சத்தைப் பற்றிய நினைவுகளும் இவ்வாறு கிடைத்தன. 'பசிப்புல்' என்று ஒன்றை அம்மக்கள் நம்பினர். பஞ்சத்தில் ஒருவர் வீழ்ந்து இறந்த இடத்தில் முளைத்த புல் அது. அதனை அறியாமல் மிதித்தவருக்கு உடனே தாங்கொணாப் பசி வந்து கால்கள் சோர்ந்துவிடுமாம். அதனால் வழிநடப்போர் ஒரு துண்டு ரொட்டியை மடியில் வைத்துக்கொள்வராம். 10 இலட்சம் என்னும் எண் சொல்லாத துயரை இந்த ஒரு துண்டு ரொட்டி சொல்லிவிடுகிறது.

ஏறத்தாழ 5,000 பள்ளிகளைச் சேர்ந்த 50,000-க்கு மேற்பட்ட சிறுவர் எழுதியனவும் படியெடுத்தனவுமாகச் சேர்ந்தவை ஏழு இலட்சம் பக்கங்களுக்கு மேல். ஆணையம் 1971-இல் முடிவுற்றபொழுது, அதன் செல்வம் அனைத்தும் டப்ளின் பல்கலைக்கழகக் கல்லூரிக்குச் சென்றது. 2017-இல் யுனெஸ்கோ நிறுவனம் ஆணையத்தின் தொகுப்பை உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. சிறுவர் எழுதிய பக்கங்களை இன்று கணிப்பொறி வழியே எவரும் படிக்கலாம். அயர்லாந்துக் குழந்தை ஒன்று தன் ஊர்ப் பள்ளியின் பெயரைத் தேடினால், பாட்டியார் தம் பன்னிரண்டாம் வயதில் உருட்டி உருட்டி எழுதிய கையெழுத்தையும், அதன் அடியில் அவருக்குக் கதை சொன்ன முதியவரின் பெயரையும் காணக்கூடும்.