குபேர் சாலையும் எங்கள் வீட்டுச் சண்டையும்

போன வாரம் பென்ஷன் வேலையாகப் புதுச்சேரிக்குப் போயிருந்தேன். வேலை பத்து நிமிஷத்தில் முடிந்துவிட்டது. காரைக்கால் பஸ்ஸுக்கு நேரம் இருந்ததால் கடற்கரைச் சாலையில் கொஞ்சம் நடந்தேன். கூட வந்த பேரன் பெயர்ப்பலகையைப் படித்துவிட்டு, "குபேர்னா குபேரனா தாத்தா? பெரிய பணக்காரரா?" என்றான். சிரித்து மழுப்பிவிட்டேன். அந்தப் பெயருக்குப் பின்னால் எங்கள் வீட்டுக் கதை ஒன்று இருக்கிறது. நின்ற இடத்தில் அதைச் சொல்லி முடிக்க முடியாது. அதனால் இங்கே எழுதுகிறேன்.

எதுவார் குபேர் 1894-ல் புதுச்சேரியில் பிறந்தவர். தகப்பனார் பிரெஞ்சுக்காரர், தாயார் இந்தியர். 1947-ல் பிரெஞ்சிந்திய சோஷலிஸ்டுக் கட்சியைத் தொடங்கியவர்களில் அவர்தான் முக்கியப் புள்ளி. நான் பிறந்ததும் அதே வருஷம்தான். வெள்ளைக்கார துரைமார்களோடு பிரெஞ்சில் பேசுவார். சந்தையில் மீன் விற்கிற பெண்ணிடம் அவள் பாஷையில் பேசுவார். யாருக்கு வேலை வேண்டும், யாருக்கு அடையாளச் சீட்டு வேண்டும் என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடம் என்று பெரியவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். 1951-ல் பிரெஞ்சிந்தியா முழுவதற்கும் ஒரே உறுப்பினராக பாரிஸ் நாடாளுமன்றத்துக்குப் போனார். அதுவரை அந்த இடத்தில் இருந்த லம்பேர் சரவணன் இருந்த இடம் தெரியாமல் தோற்றார்.

அந்தக் காலத்துத் தேர்தல் எப்படி நடந்தது என்று இளைஞர்களுக்குச் சொன்னால் நம்ப மாட்டார்கள். செத்தவர் வந்து ஓட்டுப் போடுவார். உயிரோடு இருப்பவர் போனால், உங்கள் ஓட்டுப் போட்டாயிற்றே என்பார்கள். சாவடி வாசலில் தடியோடு ஆட்கள் நிற்பார்கள். இணைப்பா இல்லையா என்று மக்களைக் கேட்டு முடிவு செய்யலாம் என்று 1948-லேயே இரண்டு அரசுகளும் பேசி வைத்திருந்தன. 1951-ல் வெளிநாட்டு நடுநிலைப் பார்வையாளர் குழு ஒன்று வந்து பார்த்தது. இப்போதிருக்கும் நிலையில் இங்கே சுதந்திரமான வாக்கெடுப்பு நடக்காது என்று எழுதிவிட்டுப் போயிற்று. அப்போது இங்கே கொடிகட்டிப் பறந்தது குபேர் கட்சி.

எங்கள் அப்பா காரைக்காலில் ஜவுளிக் கடை வைத்திருந்தார். கதர்தான் கட்டுவார். இணைப்பு, இணைப்பு என்று அதே பேச்சு. அவருக்கு மூத்தவரான பெரியப்பா சைகோனில் இருந்துவிட்டு வந்த சொல்தா. மார்பில் மெடல், மாசாமாசம் பிரெஞ்சுப் பென்ஷன். இருவரும் ஒரே வீட்டில், ஒரே கூடத்தில் சாப்பிட்டார்கள். அரசியல் பேச்சு வந்தால் பாட்டி மோர்ச் சொம்போடு நடுவில் வந்து நிற்பாள். காரைக்காலைச் சுற்றி அப்போது சுங்கச் சாவடிகள். நாகூருக்குப் போவதென்றாலும் வாஞ்சூரில் இறங்கிக் கூடையைத் திறந்து காட்ட வேண்டும். அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு வரிசையில் நின்றது இன்னும் கண்ணில் இருக்கிறது.

1954 மார்ச்சில் எல்லாம் தலைகீழாயிற்று. 18-ம் தேதி புதுச்சேரியையும் சுற்றியுள்ள கொம்யூன்களையும் சேர்ந்த மேயர்கள், வாக்கெடுப்பே வேண்டாம், உடனே இந்தியாவோடு சேர்த்துவிடுங்கள் என்று தீர்மானம் போட்டார்கள். தீர்மானத்துக்குப் பின்னால் நின்றவர் யார் என்றால், நேற்று வரை மூவர்ணப் பிரெஞ்சுக் கொடியைத் தூக்கச் சொன்ன அதே குபேர்! மாதக் கடைசியில் அவர் நெட்டப்பாக்கத்துக்குப் போய் அங்கே ஒரு தற்காலிக அரசையே அறிவித்துவிட்டார். நெட்டப்பாக்கம் நம் காரைக்காலைப் போலத்தான், பிரெஞ்சு மண், ஆனால் சுற்றிலும் இந்தியா. பிரெஞ்சுப் போலீஸ் அங்கே போவதென்றால் இந்திய எல்லையைத் தாண்டித்தான் போக வேண்டும். கணக்காகத்தான் இடம் பார்த்திருக்கிறார்.

ஏன் மாறினார்? பணமுறைகேடு சம்பந்தமாக பிரெஞ்சு அரசின் விசாரணை தன் மேல் பாயப்போகிறது என்று தெரிந்து மாறினார் என்றுதான் வரலாறு எழுதியவர்கள் சொல்கிறார்கள். அன்றைக்குக் கடைத்தெருவிலும் அதே பேச்சு.

அப்பா சந்தோஷப்பட்டிருக்க வேண்டும் அல்லவா? இல்லை. "ஏழு வருஷமா நாம கொடி புடிச்சோம். கடைசியில தடியைக் கீழ போட்டுட்டு வந்தவன் கையில கொடியைக் குடுத்துட்டாங்களே" என்று கடையை மூடிவிட்டு வந்து படுத்துவிட்டார். பெரியப்பா திண்ணையில் சுருட்டைப் பற்றவைத்துக்கொண்டு, "உன் கட்சிக்கு நல்ல தலைவரு கெடச்சிட்டாரு தம்பி" என்றார். அப்பா எழுந்து வந்து, "நேத்திக்கு வரைக்கும் ஒங்க ஆளுதானே அண்ணே" என்றார். எனக்குத் தெரிந்து அண்ணன் தம்பி இருவரும் ஒரே மனசாகத் திட்டியது ஒரே ஓர் ஆளைத்தான்.

அதே மே மாதம் தியன் பியன் பூ விழுந்தது. பெரியப்பா இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. வியட்நாமிலேயே கையை எடுக்கும் பிரான்ஸ், நாலு துண்டு ஊருக்காக மல்லுக்கட்டுமா? அக்டோபர் 18-ல் வில்லியனூர்ப் பக்கம் கீழூரில், புதுச்சேரி, காரைக்கால் மக்கள் பிரதிநிதிகள் 178 பேர் கூடினார்கள். இணைப்புக்கு 170, எதிர்ப்பு 8. நவம்பர் 1-ல் நிர்வாகம் கைமாறியது. அன்று அப்பா ஏழு வயதுப் பையனான என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு கொடி ஏறுவதைக் காட்டினார். பூந்தி கொடுத்தார்கள். வீட்டுக்கு வந்தால் பெரியப்பா சொன்னது ஒரே வாக்கியம்: "178 பேரைக் கேட்டாங்க. என்னைக் கேக்கலை." அப்பா பதில் சொல்லவில்லை. அவரையும்தான் யாரும் கேட்கவில்லை.

இதை நான் பல வருஷம் யோசித்திருக்கிறேன். அந்த வாக்காளர் பட்டியலை வைத்துக்கொண்டு, அந்தத் தடியாட்களை வாசலில் நிறுத்திக்கொண்டு வாக்கெடுப்பு நடந்திருந்தால் முடிவு என்ன ஆகியிருக்கும்? இணைப்பு தோற்றும் போயிருக்கலாம். தேர்தலைக் கெடுத்த ஆளே தேர்தல் வேண்டாம் என்று சொன்னதால்தான் பெரிய ரத்தக்களரி இல்லாமல் நாம் இந்தப் பக்கம் வந்தோம். குபேருக்கு நன்றி சொல்ல எனக்கு வாய் வரவில்லை. சொல்லாமல் இருப்பதும் நியாயமாகப் படவில்லை.

ஒப்பந்தம் 1956-ல் கையெழுத்தானாலும் பிரான்ஸ் அதை உறுதி செய்ய 1962 வரை ஆயிற்று. அல்ஜீரியா விவகாரம் முடிந்த பிறகுதான் அதற்கும் வழி பிறந்தது. ஆகஸ்டு 16-ல் சட்டப்படி இந்தியாவானோம். பிரெஞ்சுக் குடியுரிமை வேண்டும் என்பவர்கள் ஆறு மாதத்துக்குள் எழுதிக் கொடுக்கலாம் என்றார்கள். முதல்முறையாக ஒருவர் பெரியப்பாவைக் கேட்டார்கள். அவர் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தார்.

அப்பா கேட்டது ஒரு கேள்விதான்: "பென்ஷனுக்காகவா அண்ணே?"

அதை அவர் கேட்டிருக்கக் கூடாது. பெரியப்பா சாப்பிட்டுக்கொண்டிருந்த இலையை மூடிவிட்டு எழுந்தார். மறுவாரம் கூடத்தின் நடுவில் தட்டி வந்தது, பிறகு சுவர் வந்தது. 1963 ஜூலை 1-ல் குபேர் புதுச்சேரியின் முதல் முதலமைச்சரானார். தெருவில் வெடி வெடித்தபோது சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து பெரியப்பாவின் குரல் கேட்டது: "நான் பென்ஷனுக்குக் கையெழுத்துப் போட்டேனாம். அவன் எதுக்குக் கட்சி மாறினானாம்? போய் மாலை போடச் சொல்லு!" அப்பா மாலை போடவும் போகவில்லை, பதில் சொல்லவும் போகவில்லை.

குபேர் ஆட்சி ஒரு வருஷத்துக்குக் கொஞ்சம் அதிகம் நடந்தது. 1964 தேர்தலுக்குப் பின் வெங்கடசுப்பா ரெட்டியார் வந்தார். 1967-ல் நம்ம ஊர் பாரூக் மரைக்காயர், முப்பது வயதுகூட ஆகாதவர், முதலமைச்சரானார். குபேர் பேச்சு ஓய்ந்துபோனது. பெரியப்பாவும் 1966-ல் மகனோடு பிரான்சுக்குப் போய்விட்டார். கிளம்பும்போது அம்மாவிடம் சொல்லிக்கொண்டார். அப்பா அன்று கடையிலேயே இருந்துவிட்டார்.

1979-ல் குபேர் காலமானார். பேப்பரில் செய்தி வந்த அன்று அப்பா மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு தரம் படித்தார். கத்தரிக்கோலைக் கொண்டுவரச் சொல்லி, அந்தச் செய்தியை மட்டும் வெட்டினார். "இதை அண்ணனுக்கு அனுப்பு" என்றார். கூட ஏதாவது எழுதட்டுமா என்று கேட்டேன். "ஒண்ணும் வேணாம்" என்றார்.

மூன்று வாரம் கழித்து நீல உறையில் பதில் வந்தது. பதினேழு வருஷத்தில் அண்ணன் தம்பிக்கு எழுதிய முதல் கடிதம். குபேரைப் பற்றி அதில் ஒரு வார்த்தை இல்லை. முழங்கால் வலி எப்படி இருக்கிறது, சுவருக்கு இந்தப் பக்கம் தான் நட்ட தென்னை காய்க்கிறதா, அதன் இளநீரைக் குடிக்கிறீர்களா அல்லது அண்ணன் மரம் என்று விட்டுவைத்திருக்கிறீர்களா என்று கேட்டிருந்தார்.

அப்பா கடிதத்தை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு, மரம் ஏற ஆள் கூட்டிவரச் சொல்லி என்னை அனுப்பினார்.