சருகுக்குள் நிற்கும் மண் குதிரைகள்

பிச்சாவரம் போகிறவர்கள் சுரபுன்னை வேர்களுக்கு நடுவே படகில் ஒரு சுற்று போய்விட்டு, மதியத்துக்குள் சிதம்பரம் திரும்பிவிடுவார்கள். நேரம் இருந்தால் வடக்கே இன்னொரு காட்டையும் பார்க்கலாம். கடலூர், புதுச்சேரி தாண்டி கிழக்குக் கடற்கரைச் சாலையில் சுமார் 15 கிலோமீட்டர் போனால் கீழ்புத்துப்பட்டு. அங்கே இருப்பது மஞ்சனீஸ்வரர் அய்யனாரின் கோயில் காடு. பிச்சாவரம் உப்புத்தண்ணீரில் நிற்கிறது. இது கரைமேட்டில் நிற்கிறது.

காசான், வீரை, பாலை என்று கோடையிலும் பச்சை மாறாத மரங்கள்தான் இந்தக் கரையின் பழைய காடு. ஐப்பசி, கார்த்திகை மழையை வைத்தே ஆண்டை ஓட்டிவிடும். இன்று அது பெரும்பாலும் கோயிலை ஒட்டிய துண்டுகளாகத்தான் மிச்சம். சுள்ளி ஒடித்தாலும் அய்யனார் கேட்பார் என்ற பயம் முள்வேலியைவிட நன்றாக வேலை செய்திருக்கிறது.

மழை பெய்யணும், மாடு கன்று நல்லா இருக்கணும் என்று வேண்டிக்கொண்டவர்கள் அய்யனாருக்கு விட்டவைதான் மண் குதிரைகள். களிமண்ணோடு மணலும் உமியும் சேர்த்து மிதித்து, முதலில் நான்கு கால்களைக் குழாய்போல எழுப்புவார்கள். அவை இறுகிய பிறகுதான் வயிறு. கழுத்தும் தலையும் கடைசியில். உள்ளே கூடாக இருக்க வேண்டும், கெட்டியாகச் செய்தால் சுடும்போது வெடித்துவிடும். வைக்கோல், வரட்டி, விறகு அடுக்கிச் சுடுவார்கள்.

சென்னைக்கு அருகே முட்டுக்காட்டில் 1996-ல் திறக்கப்பட்ட தட்சிணசித்ராவிலும் அய்யனார் குதிரைகள் உண்டு. அங்கே பராமரிப்பார்கள். கோயில் காட்டில் கால் உடைந்த குதிரையை யாரும் ஒட்டவைப்பதில்லை. வேர் ஏறி, கரையான் ஏறி மண்ணாகிவிடும். அடுத்த வேண்டுதலுக்குப் புதுசு வரும். அதனால்தான் வேளார் வீடுகளில் வேலை தொடர்ந்தது, கைப்பழக்கம் பிள்ளைக்குப் போனது.

இப்போது பல ஊர்களில் சிமென்ட் குதிரை வந்துவிட்டது. ஒருமுறை வைத்தால் பெயின்ட் அடித்தே காலம் தள்ளலாம். நேர்ந்துகொண்டவருக்குச் செலவு மிச்சம், குயவருக்கு வேலை போச்சு. களிமண் கிடைப்பதும் அவர்களுக்குப் பெரும்பாடாக இருந்தது. ஏரி, குளங்களில் விவசாயத்துக்கும் மண்பாண்டத் தொழிலுக்கும் வண்டல், களிமண் எடுக்க வட்டாட்சியரே அனுமதி தரலாம் என்று 2024-ல் தமிழக அரசு விதியைத் தளர்த்தியது. வயலுக்கு வண்டல் கேட்டு மனு கொடுக்கும் ஊர்க்காரர்கள், தங்கள் ஊர்க் குயவரையும் கூடவே அழைத்துப்போகலாம்.