ஒட்டிக்கொண்ட இரண்டு பக்கங்கள்

பத்தாம் வகுப்பு, ‘அ’ பிரிவு

எங்கள் பள்ளி நூல் நிலையத்தின் வடக்கு மூலையில் பூட்டிய கண்ணாடி அலமாரி ஒன்று உண்டு. “குறிப்பு நூல்கள் – வெளியே எடுத்துச் செல்லலாகாது” என்று அதன்மேல் சிவப்பு மையில் எழுதி ஒட்டியிருக்கும். தோழியரே, நீங்கள் எல்லோரும் அதைப் பார்த்திருப்பீர்கள். பெரும்பாலோர் பார்த்துவிட்டுத் தாண்டிப் போயிருப்பீர்கள். ஒன்பதாம் வகுப்பின் பாதிவரை நானும் அப்படித் தாண்டிப் போனவள்தான். பிறகு அந்த அலமாரியிலிருந்து ஒரு புத்தகத்தை யாருக்கும் தெரியாமல் வீட்டுக்குக் கொண்டு போனேன். நூலகச் சகோதரி அவர்களே “இதை மலரில் எழுது” என்று சொன்னதால் எழுதத் துணிந்தேன்.

என் ஊர் அரியலூருக்கு அருகே உள்ள ஒரு சிற்றூர். அப்பா ஒரு சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் டிப்பர் லாரி ஓட்டுகிறார். கல்லை ஏற்றிச் சிமெண்டு ஆலையில் கொட்டுவதும் மறுபடி கல் ஏற்றப் போவதும்தான் அவர் நாள் முழுதும் செய்யும் வேலை. சென்ற ஆண்டு கோடை விடுமுறையில் ஒருநாள் சாப்பாட்டுப் பையில் ஒரு கல்லைக் கொண்டு வந்து திண்ணையில் வைத்தார். சாப்பாட்டுத் தட்டு அளவு இருக்கும். ஆட்டுக்கிடாயின் கொம்பைச் சுருட்டி வைத்தாற்போல் வட்டம் வட்டமாகச் சுற்றிச் சுற்றி நடுவில் போய் முடிந்தது. “பாப்பா, நத்தை கல்லாயிருக்கு பாரு” என்றார். பக்கத்து வீட்டுப் பாட்டியோ அதைச் சாளக்கிராமம் என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார். (பாட்டி சொன்னது முழுதும் தவறில்லை என்று பின்னால் தெரிந்தது. நேபாளத்தின் கண்டகி ஆற்றில் கிடைக்கும் சாளக்கிராமக் கற்களும் இந்த இனத்து உயிரின் எச்சங்களே!) என் தம்பி மட்டும் “டைனோசரு!” என்று கூவிக்கொண்டு தெருவில் ஓடினான்.

அவனைக் குறை சொல்லிப் பயனில்லை. 2020ஆம் ஆண்டு அக்டோபரில், பெரம்பலூர் அருகே குன்னத்தில் ஏரியிலிருந்து உருண்டை உருண்டையாகக் கற்கள் கிடைத்தபோது பெரியவர்களே அவற்றை டைனோசர் முட்டைகள் என்று நம்பிச் செய்தி பரப்பினார்கள். நிலவியல் அறிந்தவர்கள் வந்து பார்த்து, அவை முட்டைகள் அல்ல, கடல்வாழ் உயிரைச் சுற்றி மண் இறுகி உருண்டையானவை என்று சொன்ன பிறகே ஊர் அடங்கியது. அப்போது நான் சிறுமி. முட்டை இல்லை என்று ஆனதில் எனக்குப் பெரிய ஏமாற்றம்.

திண்ணைக் கல் எனக்குத் தூக்கத்தைக் கெடுத்தது. பள்ளி திறந்ததும் சமூக அறிவியல் புத்தகத்தில் ‘நிலக்கோளம்’ பாடத்தைப் புரட்டினேன். நல்ல பாடம்தான். புவியின் மேலோடு, கவசம், கருவம் எல்லாம் படத்தோடு இருக்கிறது. தீப்பாறை, படிவுப்பாறை, உருமாறிய பாறை என்று மூவகையும் இருக்கிறது. வெஜினர் கண்டங்கள் நகர்ந்ததாகச் சொன்னதும் இருக்கிறது. என் கல் மட்டும் இல்லை. எங்கள் அரியலூரின் பெயர் பாடங்களில் வந்தாலும் சிமெண்டைத் துணைக்கு அழைத்துக்கொண்டுதான் வரும்! பாடநூலின்மேல் எனக்குக் கோபம் இல்லை. தமிழ்நாட்டுப் பிள்ளைகள் அத்தனை பேருக்கும் வேண்டியதைச் சில பக்கங்களில் சொல்ல வேண்டிய புத்தகம் அது. என் வீட்டுத் திண்ணைக்கு அதில் இடம் ஏது?

அப்போதுதான் கண்ணாடி அலமாரி என் கண்ணில் பட்டது. அவ்வாண்டு நூலக உதவியாளராக என்னை நியமித்திருந்தார்கள். சட்டையில் ஊதா நிறப் பட்டை குத்திக்கொள்வேன். அலமாரிச் சாவியும் என்னிடமே இருந்தது.

முதலில் எடுத்தது தமிழ் வளர்ச்சிக் கழகம் வெளியிட்ட ‘கலைக்களஞ்சிய’த் தொகுதிகளை. பெரியசாமித் தூரன் அவர்களை முதன்மை ஆசிரியராகக் கொண்டு 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாக வந்த பெருநூல் அது. தடித்த அட்டை, மஞ்சளேறிய தாள், நாப்தலின் உருண்டை வாசம். இத்தனை அறிவியலைத் தமிழிலே எழுத முடியும் என்று அத்தனை ஆண்டுகளுக்கு முன்பே செய்து காட்டியிருக்கிறார்களே என்று வியந்தேன்.

அதற்கு அடுத்த தட்டில் பச்சை உறை போட்ட ஓர் ஆங்கிலப் புத்தகம் இருந்தது. ஆசிரியர் பெயர் எம். எஸ். கிருஷ்ணன். எங்கேயோ கேட்ட பெயர்! நினைவு வந்தது. ஏழாம் வகுப்பில் சுற்றுலா போனபோது பெரம்பலூர் மாவட்டம் சாத்தனூரில் 18 மீட்டர் நீளக் கல் மரம் பார்த்தோம் அல்லவா? ஏறத்தாழ 12 கோடி ஆண்டுகள் பழமையான மரம் என்றும், 1940இல் அதைக் கண்டறிந்து உலகுக்குச் சொன்னவர் டாக்டர் எம். எஸ். கிருஷ்ணன் என்றும் ஆசிரியை சொன்னாரே, அவரேதான். தஞ்சைச் சீமையில் பிறந்து, 1851இல் தொடங்கிய இந்திய நிலவியல் ஆய்வுத் துறைக்கு 1951இல் முதல் இந்தியத் தலைவரானவர். இந்தியாவும் பர்மாவும் ஆகிய நாடுகளின் நிலவியல் பற்றி அவர் எழுதிய அந்த நூல் முதன்முதலில் 1943இல் வெளிவந்தது.

தோழியரே, நான் தமிழ் வழியில் படிப்பவள். முதல் நாள் அரைப் பக்கம் படிக்க ஒரு மாலை முழுதும் ஆயிற்று. அகராதியில் பாதிச் சொற்கள் இல்லை. ‘கிரிட்டேஷஸ்’ என்ற சொல்லோடு மட்டும் இரண்டு நாள் மல்லுக்கட்டினேன். சுண்ணக்கட்டியைக் குறிக்கும் இலத்தீன் சொல்லிலிருந்து வந்தது என்று நூலகச் சகோதரிதான் விளக்கினார்கள். அப்படித் தட்டுத் தடுமாறிப் போகும்போது ஓர் இடத்தில் உடல் சிலிர்த்தது. திருச்சிராப்பள்ளி, உட்டத்தூர், அரியலூர் என்று எங்கள் ஊர்ப் பெயர்களே பாறைத் தொகுதிகளின் பெயர்களாக அச்சில் நின்றன! ஏறத்தாழ 10 கோடி ஆண்டுகளுக்கு முன் எங்கள் ஊர்மேல் கடல் ஏறி நின்றது என்றும், அந்தக் கடலடியில் படிந்தவைதாம் இந்தப் பாறைகள் என்றும் அறிந்தேன். அப்பாவின் லாரி நாள்தோறும் கடலடியில் ஓடிக்கொண்டிருக்கிறது!

இதை அப்பாவிடம் காட்டவேண்டும் என்ற ஆசைதான் என்னைக் கெடுத்தது. காலாண்டு விடுமுறைக்கு விடுதியிலிருந்து கிளம்பும்போது புத்தகத்தைத் துண்டில் சுற்றிப் பெட்டியில் வைத்துவிட்டேன். கேட்டிருந்தால் சகோதரி இல்லையென்று சொல்லியிருப்பார்கள் என்பது எனக்குத் தெரியும். அதனால்தான் கேட்கவில்லை.

வீட்டில் அப்பா களைத்துப் படுத்திருந்தார். “கல்லைப் படிச்சு என்னம்மா செய்யப் போறே? நான்தான் கல்லோட கிடக்கிறேன்” என்று திரும்பிப் படுத்துக்கொண்டார். எனக்கு அழுகை வந்தது. புத்தகத்தை விரித்தபடியே மாடத்தில் வைத்துவிட்டுத் தூங்கிவிட்டேன். இரவு இடியும் மழையும். எங்கள் வீடு ஓட்டு வீடு. மாடத்துக்கு நேர் மேலே ஓடு விலகியிருந்ததை விடிந்த பிறகுதான் பார்த்தோம்.

நனைந்த பக்கங்களுக்கு நடுவே பழைய செய்தித்தாள் வைத்து அம்மா ஒவ்வொன்றாக உலர்த்தினார். தாள்கள் அலை அலையாக நெளிந்து பிழைத்தன. இரண்டு பக்கங்கள் மட்டும் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டன. பிரிக்கப் பார்த்தேன், கிழிந்தது. அவை அரியலூர்ப் பகுதியைப் பற்றிய பக்கங்கள்.

பள்ளி திறந்த அன்று காலை நூல் நிலையத்துக்குப் போனேன். கால் நடுங்கியது. சகோதரி புத்தகத்தை வாங்கி, நெளிந்த பக்கங்களை ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தார்கள். “எந்தப் பக்கம் போயிற்று?” என்று மட்டும் கேட்டார்கள்.

“நம்ம ஊர்ப் பக்கம், சிஸ்டர்.”

வெகுநேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு கையை நீட்டினார்கள். சாவியையும் ஊதாப் பட்டையையும் கழற்றி வைத்தேன். அடித்திருந்தால்கூட அவ்வளவு வலித்திராது. “போன பக்கத்தை நீதான் கொண்டு வரவேண்டும்” என்றார்கள். ஒரு கல்லூரியின் நிலவியல் துறைக்கு அவர்களே கடிதம் எழுதி அனுமதி வாங்கினார்கள். அங்கே இருக்கும் பிரதியிலிருந்து அந்த இரண்டு பக்கங்களையும் என் கையால் எழுதி வந்து ஒட்டவேண்டும். கைப்பேசியில் படம் எடுத்து அச்சடிக்கலாமே என்று என் தோழி சொன்னாள். சகோதரி அதற்குப் பதிலே சொல்லவில்லை.

சனிக்கிழமை அப்பா ஒருநாள் சம்பளத்தை விட்டுவிட்டு என்னோடு பேருந்தில் வந்தார். கல்லையும் மஞ்சள் பையில் எடுத்து வந்தோம். அப்பா துறை வாசலில் இருந்த வேப்பமரத்தடியிலேயே நின்றுவிட்டார்.

உள்ளே போனதும் மலைத்துப் போனேன். தரையிலிருந்து கூரைவரை நிலவியல் நூல்கள்! லையல் 1830 முதல் 1833 வரை மூன்று தொகுதிகளாக வெளியிட்ட நூலின் மறுபதிப்பு இருந்தது. அதன் முதல் தொகுதியைத்தான் டார்வின் பீகிள் கப்பலில் எடுத்துச் சென்றாராம். டி. என். வாடியா ஜம்முவில் கல்லூரி ஆசிரியராக இருந்தபோது மாணவர்களுக்காக எழுதி, 1919இல் வெளிவந்த இந்திய நிலவியல் நூல் இருந்தது. ஆர்தர் ஹோம்ஸ் 1944இல் எழுதிய நூலும் இருந்தது. அந்தப் பேராசிரியை அம்மா என்னைப் பக்கத்தில் உட்கார வைத்து ஒன்று சொன்னார்கள்: “எந்தக் குறிப்பு நூலை எடுத்தாலும் முதலில் அச்சிட்ட ஆண்டைப் பார்.” ஏன் என்று அப்புறம்தான் விளங்கியது. புவித்தட்டுகள் பற்றிய கொள்கை 1960களில்தான் உருவாயிற்று. அதற்கு முன் அச்சான புத்தகங்களில் அது எப்படி இருக்கும்? ஹோம்ஸ் மட்டும் 1944லேயே, கவசத்துக்குள் சூட்டினால் எழும் சுழற்சி கண்டங்களை நகர்த்தக்கூடும் என்று தம் நூலின் கடைசி அத்தியாயத்தில் துணிந்து எழுதினாராம். வெஜினரைப் பலர் நம்பாத காலம் அது. அப்படியானால் பழைய புத்தகங்களைத் தள்ளிவிடலாமா என்று கேட்டேன். அவர்கள் சிரித்தார்கள். எங்கள் ஊர்ப் புதைபடிவங்களை 1860களில் விவரித்து எழுதியவர் ஸ்டோலிச்கா. மொராவியா நாட்டில் பிறந்து, 1874இல் இமயத்தைக் கடந்து வரும் வழியில் உயிர்விட்டு, லேயில் அடக்கம் செய்யப்பட்டவர். அவர் வரைந்து விவரித்தவற்றை ஆராய்ச்சியாளர்கள் இன்றும் புரட்டுகிறார்களாம். விளக்கம் மாறும், கல்லின் சுருள் மாறாது அல்லவா!

பிறகு என் கல்லைக் கையில் எடுத்தார்கள். உடைந்த ஓரத்தைக் காட்டி, “உள்ளே அறை அறையாகத் தடுத்திருக்கிறது, பார். நத்தைக்கு இப்படி இராது” என்றார்கள். அதன் பெயர் அம்மோனைட்டு. நத்தையை விடக் கணவாய்க்குத்தான் நெருங்கிய சொந்தமாம். சந்தையில் அம்மா கழுவி நறுக்குகிற அதே கணவாய்! 6 கோடியே 60 இலட்சம் ஆண்டுகளுக்கு முன், டைனோசர்கள் அழிந்த அதே காலத்தில் இந்த இனமும் பூண்டோடு அழிந்துவிட்டது. நீர்த்த அமிலம் ஒரு சொட்டு விட்டதும் கல் நுரைத்துப் பொங்கியது.

“எந்த அடுக்கிலிருந்து எடுத்தது?” என்று கேட்டார்கள்.

விழித்தேன். கல் கிடைத்த அடுக்குத் தெரியாவிட்டால் அதன் பாதிக் கதை போய்விட்டது என்றார்கள். கீழே இருக்கும் அடுக்கு முந்தியது, மேலே இருப்பது பிந்தியது. 1669இல் ஸ்டெனோ என்பவர் எழுதி வைத்த விதியாம் அது. (டென்மார்க்கில் பிறந்த இவர் பின்னாளில் குருவாகி, ஆயராகவும் ஆனார் என்றும், 1988இல் அவருக்கு முத்திப்பேறு பட்டம் அளிக்கப்பட்டது என்றும் திரும்பி வந்தபோது நம் சகோதரி பெருமையோடு சொன்னார்கள்.)

நான் ஓடிப்போய் அப்பாவைக் கூப்பிட்டேன். செருப்பை வாசலில் விட்டுவிட்டுக் கூச்சத்தோடு வந்தார். கேள்வியைக் கேட்டதும் அவர் முகமே மாறிவிட்டது. “மேலே செம்மண்ணுங்க, நாலடி இருக்கும். அதுக்குக் கீழே மஞ்சக் களி. அதுக்கும் கீழே சிப்பியா அடுக்கியிருக்கும், பல்லு வச்ச பக்கெட்டே சறுக்கும். அந்தச் சிப்பிக்கு அடியில சாம்பக் கலர்ல ஒரு பட்டை வரும்ங்க. இது அதுலேர்ந்து உருண்டது” என்று கையாலே அடுக்கு அடுக்காகக் காட்டிச் சொன்னார். பேராசிரியை அம்மா பேனாவைத் திறந்து எழுதத் தொடங்கினார்கள். “இன்னொரு தரம் சொல்லுங்கள், ஐயா” என்றார்கள். அப்பா ஐந்தாம் வகுப்போடு நின்றவர். அவர் சொல்லச் சொல்ல ஒரு பேராசிரியை எழுதிக்கொள்வதை நான் பார்த்துக்கொண்டே நின்றேன்.

இரண்டு பக்கங்களையும் எழுதி முடிக்க மூன்று மணி நேரம் ஆயிற்று. அதுவரை அப்பா என் எதிரிலேயே உட்கார்ந்திருந்தார். “நம்ம பேரு எங்கே இருக்கு?” என்று கேட்டார். அரியலூர் என்ற ஆங்கில எழுத்துகளைக் காட்டினேன். விரலை வைத்துப் பார்த்தார்.

என் கையெழுத்துத் தாள்களைச் சகோதரி அந்த இடத்திலேயே ஒட்டி, இரண்டின்மேலும் நூல் நிலைய முத்திரை குத்தினார்கள். சாவி இன்னும் என் கைக்குத் திரும்பவில்லை. அது வேறொரு தோழியிடம் இருக்கிறது. அடுத்த ஆண்டு எந்தப் பிரிவு எடுப்பது என்ற பேச்சும் வீட்டில் முடிந்தபாடில்லை. ஆனால் சென்ற ஞாயிறு விடுதிக்கு என்னைப் பார்க்க வந்த அப்பா ஒரு சிறு பொட்டலம் தந்தார். உள்ளே கைப்பிடி அளவு சிப்பிக் கல். அதைச் சுற்றியிருந்த தாளில் கோணல் மாணலாக எழுதியிருந்தது: “மூணாவது பெஞ்சு, கிழக்குப் பக்கம், மேலேருந்து ஆறடி.”